ஆடிக் கூழ் மாவுல ஒரு பீசா

 

போன ஞாயிற்றுக்கிழமை நம்ம சமய வகுப்புப் பிள்ளைங்க வரிசையா உட்கார்ந்து பீசா சாப்பிடுற படத்தைப் போட்டிருந்தோம். பார்த்த நிறைய பேர் கேட்டது ஒரே கேள்வி: "ஏன் கருப்பா இருக்கு, கருகிடுச்சா?" கருகல. அது கேழ்வரகு. பெரியவங்க சில பேர், "கோயில்ல பீசா எல்லாம் தேவையா?"ன்னும் கேட்டீங்க. அதுவும் நியாயமான கேள்விதான். ரெண்டுக்கும் சேர்த்து இந்தப் பதிவுல பதில் சொல்றோம். கொஞ்சம் நீளமா இருக்கும், பொறுமையா படிங்க. நம்ம அன்னதானக் குழு செஞ்ச ஒரு தப்பும் இதுல இருக்கு. அதை மறைச்சுட்டு மீதியை மட்டும் எழுத மனசு வரல.

போன வருஷக் கடைசியில நம்ம வகுப்புக்கு ஒரு தம்பி புதுசா வந்தான். ஒன்பது வயசு. பார்த்தா ஆறு வயசுப் பிள்ளை மாதிரி இருப்பான். தேவாரம் பாடும்போது மட்டும் குரல் கணீர்னு வரும். வகுப்பு முடிஞ்சு பந்தி போடும்போது, அவன் ஓரமா உட்கார்ந்து வீட்டுல இருந்து கொண்டு வந்த டிபன் டப்பாவைத் திறப்பான். எங்களுக்கு அது ஒரு மாதிரியா இருந்தது. கோயிலுக்கு வந்த பிள்ளை கோயில் சோறு சாப்பிடலைன்னா எப்படி? அம்மாவைக் கேட்டோம். "அவனுக்குக் கோதுமை ஆகாதுக்கா"ன்னு சொன்னாங்க. "அவ்வளவுதானே, நாங்க போடுறது சோறும் சாம்பாரும் ரசமும்தான். கோதுமைக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?"ன்னு நாங்களே சொல்லி, அடுத்த வாரத்துல இருந்து அவனையும் பந்தியில உட்கார வெச்சோம். கேசரி மட்டும் வேணாம்னு அவனே தலையாட்டினான். விவரமான பிள்ளை.

மூணு வாரம் சாப்பிட்டான். நாலாவது வாரம் வரல. அதுக்கப்புறமும் வரல. ஒரு மாசம் கழிச்சு பசார் மாலாம்ல அவங்க அம்மாவைப் பார்த்தோம். முதல்ல எதையோ சொல்லிச் சமாளிச்சாங்க. விடாம கேட்டதும், "ஒவ்வொரு ஞாயிறும் வீட்டுக்கு வந்து வயித்து வலியில துடிக்கிறான்க்கா. ரெண்டு மூணு நாள் பள்ளிக்கூடம் போக முடியல. கோயில் சாப்பாட்டைக் குறை சொல்ற மாதிரி ஆயிடுமேன்னுதான் பேசாம நின்னுட்டோம்"னாங்க.

உண்மையைச் சொல்றோம், அன்னைக்கு எங்களுக்கு முதல்ல வந்தது வருத்தம் இல்ல, கோபம். காலையில நாலு மணிக்கு எழுந்து, குளிச்சு, சுத்தமா சமைக்கிறோம். நம்ம சாப்பாட்டுல என்ன கெடுதல்? எங்க குழுவுல மூத்த அக்கா ஒருத்தங்க, "பிரசாதம் யாருக்கும் ஒன்னும் செய்யாது. பிள்ளையைப் பயமுறுத்தி வெச்சிருக்காங்க"ன்னே சொல்லிட்டாங்க. நாங்களும் ஆமாம்னு தலையாட்டினோம்.

அடுத்த வாரம் அந்த அம்மா, ஆஸ்பத்திரியில கொடுத்த தாளை எடுத்துக்கிட்டு கோயிலுக்கே வந்தாங்க. சண்டைக்கு வரல. "நீங்க தப்பா நினைக்கக் கூடாது, அதுக்குத்தான்"னு சொல்லி தாளை நீட்டினாங்க. அதுல தவிர்க்க வேண்டிய பொருள்கள் வரிசையா இருந்தது. ஒவ்வொன்னா படிச்சுக்கிட்டே வந்தோம். பெருங்காயம்னு இருந்த இடத்துல நின்னுட்டோம். ஸ்டோர்ல போய் டப்பாவை எடுத்துத் திருப்பிப் பார்த்தா, சின்ன எழுத்துல போட்டிருக்கு: கோதுமை மாவு. பெருங்காயம் ஈரான், ஆப்கானிஸ்தான் பக்கம் வளர்ற ஒரு செடியோட பால். சுத்தமான பெருங்காயம் ரொம்பக் காட்டமா இருக்கும். அதனால மாவும் பிசினும் கலந்து கூட்டுப் பெருங்காயமா விக்கிறாங்க. பல டப்பாவுல அந்த மாவு கோதுமை. நாங்க சாம்பார்ல போட்டோம், ரசத்துல போட்டோம், மோர்லயும் போட்டோம். மூணு வாரமா அந்தப் பிள்ளைக்கு ஆகாததை எங்க கையாலேயே ஊத்தியிருக்கோம்.

தலையாட்டின நாங்க எல்லாரும் அந்த அம்மாகிட்ட மன்னிப்புக் கேட்டோம். மூத்த அக்காதான் முதல்ல கேட்டாங்க.

அந்தத் தம்பிக்கு இருக்கிறது சீலியாக் நோய். பேரை நாங்களும் அன்னைக்குத்தான் கேள்விப்பட்டோம். இது வாய்க்குப் பிடிக்காத விஷயமும் இல்ல, சாதாரண அலர்ஜியும் இல்ல. கோதுமை, பார்லி, ரை இந்தத் தானியங்கள்ல குளூட்டன்னு ஒரு புரதம் இருக்கு. இவங்க உடம்புல அது போனா, உடம்போட எதிர்ப்பு சக்தியே சிறுகுடலோட உள்பக்கத்தைத் தாக்கிடும். சத்தை உறிஞ்சுற இடம் தேய்ஞ்சு போயிடும். இரும்புச்சத்து சேராது, கால்சியம் சேராது, பிள்ளை வளராது. மருந்து மாத்திரை கிடையாது. வாழ்நாள் முழுக்க குளூட்டன் இல்லாத சாப்பாடுதான் வைத்தியம். "கொஞ்சூண்டு பட்டா என்ன?"ங்கிற பேச்சுக்கு இங்க இடமே இல்ல. ரொட்டித் தூள் அளவும் இவங்களுக்குக் கெடுதல்தான். குளூட்டன் இல்லாத உணவுன்னு சொல்ல உலக அளவுல வெச்சிருக்கிற வரம்பே ஒரு கிலோவுக்கு 20 மில்லிகிராம்தான்.

தாளை வெச்சுக்கிட்டு நம்ம சமையல்கட்டை முழுக்கப் பார்த்தோம். கேசரி ரவை, சேமியா, பூரி மாவு, எல்லாம் கோதுமை. விசேஷத்துக்கு வாங்குற சைவக் கோழி, சைவ மீன் பாதிக்கு மேல குளூட்டன்தான். கறுப்பு சோயா கிச்சாப்பிலயும் பெரும்பாலும் கோதுமை இருக்கு. மால்ட் பானத்துல பார்லி. சர்க்கரைப் பொங்கல், சுண்டல், பஞ்சாமிர்தம், தேங்காய், பழம், இதுல எல்லாம் ஒரு பிரச்சினையும் இல்ல. குருக்கள் ஐயாகிட்ட போய்ச் சொன்னோம். அவர் சிரிச்சுக்கிட்டே, "அம்பாள் கேசரிதான் வேணும்னு கேட்டாளா? குழந்தைக்கு ஒத்துக்கிறதைப் படைங்க"ன்னு முடிச்சுட்டார்.

தம்பி மறுபடியும் வகுப்புக்கு வர ஆரம்பிச்சான். டப்பாவோடதான் வந்தான். அவன் அம்மாவுக்கு எங்க மேல இன்னும் முழுசா நம்பிக்கை வரல. வரணும்னு எதிர்பார்க்க எங்களுக்கும் தகுதி இல்ல.

இந்த நேரத்துலதான் பிள்ளைங்க பீசா கேட்டாங்க. திருமுறை ஓதும் போட்டிக்கு நல்லா தயார் பண்ணினா என்ன வேணும்னு ஆசிரியை கேட்டிருக்காங்க. எல்லாரும் ஒரே குரல்ல பீசான்னு சொல்லியிருக்காங்க. கடையில வாங்கினா சீக்கிரமா முடிஞ்சுடும். ஆனா தம்பி மறுபடியும் ஓரத்துலதான் உட்காருவான். அவனுக்கு மட்டும் தனியா ஒன்னு செஞ்சு தனித் தட்டுல கொடுக்கலாம்னு ஒரு யோசனை வந்தது. வேணாம்னு முடிவு பண்ணினோம். பந்தின்னா எல்லாருக்கும் ஒரே சாப்பாடு. அவன் சாப்பிட முடிஞ்சதைத்தான் அன்னைக்கு எல்லாருமே சாப்பிடணும்.

அதனாலதான் கோயில்ல பீசா வந்தது. இனி அது எப்படி வந்ததுன்னு சொல்றோம்.

கோதுமை மாவுல தண்ணி ஊத்திப் பிசைஞ்சா, அந்த குளூட்டன் ஒரு வலை மாதிரி ஆயிடும். நம்ம ஜெராம் கடலோரத்துல காயப் போட்டிருக்கிற மீன் வலையை நினைச்சுக்கங்க. ஈஸ்ட் விடுற காற்றை அந்த வலை பிடிச்சு வெச்சுக்கிறதாலதான் ரொட்டி உப்புது, இழுத்தா நீளுது. வேற மாவுல அந்த வலை கிடையாது. முதல் தடவை அரிசி மாவும் மரவள்ளி ஸ்டார்ச்சும் கலந்து, ஈஸ்ட் போட்டுச் சுட்டோம். ஓடு மாதிரி வந்தது. கடிச்ச அண்ணன் ஒருத்தர், "இதை வெச்சுக் கோயில் கூரையை மாத்திடலாம்"னார். ரெண்டாவது தடவை கடலை மாவு. மெத்துன்னு இருந்தது, ஆனா பச்சை வாசனை போகவே இல்ல. வாய்க்குப் பஜ்ஜி மாதிரியும் இல்ல, பீசா மாதிரியும் இல்ல.

இதை எல்லாம் நாற்காலியில உட்கார்ந்து பார்த்துக்கிட்டே இருந்தாங்க நம்ம பாட்டி. எண்பத்தேழு வயசு. பிறந்தது தென்னமரம் தோட்டத்துல. 1917ல் மலாயாவிலேயே முதன்முதலா வியாபாரத்துக்குச் செம்பனை போட்ட தோட்டம் அது. "என்னடி பண்றீங்க?"ன்னு கேட்டாங்க. இளைஞர் குழுத் தம்பி ஒருத்தன், "மாற்று மாவுல செஞ்சு பார்க்கிறோம் பாட்டி"ன்னான். பாட்டிக்கு அந்த வார்த்தை புரியல. "எதுக்கு மாத்து?"ன்னாங்க. கோதுமைக்குப் பதிலான்னு சொன்னோம். பாட்டி சிரிச்சுட்டாங்க.

"ஜப்பான்காரன் காலத்துல அரிசியே கண்ணுல காணோம். எங்கம்மா மரவள்ளிக் கிழங்கைச் சீவி, காயவெச்சு, இடிச்சு, அதுலதான் ரொட்டி தட்டிப் போடுவாங்க. அதைத் தின்னுதான் நாங்க உசிரோட இருந்தோம். கோதுமையை யாரு கண்டா?"

1942ல் இருந்து 1945 வரைக்கும் நம்ம தோட்டங்கள்ல நிலைமை அப்படித்தான். அரிசி வர்றது நின்னு போச்சு, மரவள்ளிதான் சோறு. அதே காலத்துல உலகத்தோட இன்னொரு மூலையில நடந்தது ஒன்னு இருக்கு, இந்த நோயைப் பத்திப் படிக்கும்போதுதான் எங்களுக்குத் தெரிஞ்சது. 1944–45 குளிர்காலத்துல நெதர்லாந்துல பெரிய பஞ்சம், ரொட்டி கிடைக்கல. வில்லெம் டிக்கெங்கிற குழந்தை மருத்துவருக்குப் போருக்கு முன்னாடியே கோதுமை மேல ஒரு சந்தேகம் இருந்தது. ரொட்டி இல்லாத அந்த நாள்கள்ல இந்த நோய் இருக்கிற பிள்ளைங்க தேறினதையும், ரொட்டி திரும்பி வந்ததும் மறுபடி படுத்ததையும் பார்த்து அந்தச் சந்தேகம் உறுதியாச்சு. 1950ல் தன்னோட ஆய்வேட்டுல அதை எழுதினார். நம்ம தம்பிக்கு ஆஸ்பத்திரியில கொடுத்த தாளோட ஆரம்பம் அங்க இருக்கு.

பாட்டி அதோட நிக்கல. "உளுந்து போடாம எப்படிடி எந்திரிக்கும்?"னு கேட்டாங்க. நாங்க ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கிட்டோம். தினமும் இட்லி அவிக்கிற நமக்கு இது தோணவே இல்லையே! இட்லியில கோதுமை இல்ல, ஈஸ்ட் இல்ல, ஆனா பஞ்சு மாதிரி உப்புது. உளுந்தை அரைச்சா வர்ற அந்த வழவழப்பும் அதோட புரதமும் சேர்ந்துதான் புளிக்கும்போது வர்ற காற்றைப் பிடிச்சு வைக்குது. கேழ்வரகும் நமக்கு வெளி ஆள் இல்ல. வருஷா வருஷம் ஆடியில அம்மனுக்கு ஊத்துற கூழே அதுதானே. ஆடிக்கு வாங்கின மாவு ஸ்டோர்ல மிச்சமும் இருந்தது. ஆனா அந்த மாவை இதுக்கு எடுக்கல. மில்லுல கோதுமை அரைச்ச அதே மெஷின்லதான் கேழ்வரகையும் அரைப்பாங்க. முழுக் கேழ்வரகு வாங்கி, கல் மண் பார்த்து, கழுவிக் காயவெச்சு, புதுசா வாங்கின மிக்ஸி ஜார்ல அரைச்சு, சலிச்சு எடுத்தோம். நம்ம கோயில் கிரைண்டர்ல என்னைக்குமே இட்லி மாவு மட்டும்தான், அதனால உளுந்துக்குக் கவலை இல்ல.

கேட்டவங்களுக்காக அளவு. 10 அங்குல வட்டம் நாலு வரும்.

தோல் நீக்கின முழு உளுந்து 200 கிராம், வெந்தயம் ஒரு தேக்கரண்டி. நாலு மணி நேரம் ஊறவெச்சு, குளிர்ந்த தண்ணி தெளிச்சுத் தெளிச்சு நுரையா பொங்கி வர்ற வரைக்கும் அரைக்கணும்.

கேழ்வரகு மாவு 400 கிராம், அரிசி மாவு 60 கிராம், உப்பு. இதை உளுந்து மாவோட கையால கலந்து, இட்லி மாவை விடக் கொஞ்சம் கெட்டியா வைக்கணும். நம்ம ஊர் வெயிலுக்கு ஆறுல இருந்து எட்டு மணி நேரத்துல புளிச்சுடும். ராத்திரி முழுக்க விட்டா புளிப்பு ஏறிடும்.

புளிச்ச மாவுல மரவள்ளி ஸ்டார்ச் ரெண்டு மேசைக்கரண்டி, இசப்கோல் உமி ஒரு மேசைக்கரண்டி சேர்த்து மெதுவா கிளறி, கால் மணி நேரம் விடணும். இசப்கோல் தண்ணியை உறிஞ்சு மாவைக் கையில பிடிக்கிற பதத்துக்குக் கொண்டு வரும். இன்னும் தளர்வா இருந்தா கொஞ்சம் கேழ்வரகு மாவு சேர்த்துக்கலாம்.

பேக்கிங் தாள்ல எண்ணெய் தடவி, கையை நனைச்சுக்கிட்டு, பென்சில் தடிமனுக்குத் தட்டணும். கட்டை வெச்சு உருட்டினா பிஞ்சுடும். 220 டிகிரி அவன்ல முதல்ல வெறும் மாவை மட்டும் 12ல் இருந்து 15 நிமிஷம் சுடணும். இது முக்கியம். நேரா மேல தக்காளியைக் கொட்டினா நடுவுல களி ஆயிடும். சுட்ட பிறகு திருப்பிப் போட்டு, மேல போட வேண்டியதைப் போட்டு, இன்னும் 8 நிமிஷம். அவன் இல்லாதவங்க கனமான தோசைக்கல்லுல சின்னத் தீயில மூடி போட்டும் செய்யலாம். சப்பாத்தி போடுற கல்லா இருக்கக் கூடாது.

மேல வீட்டுல எடுத்த தக்காளி மசாலா, குடை மிளகாய், சோளம், அன்னாசி. சீஸ் விஷயத்துல ஒன்னு கவனிங்க. சில சீஸை உறைய வைக்க கன்னுக்குட்டியோட வயித்துல இருந்து எடுக்கிற ரெனட் போடுவாங்க. ஹலால் முத்திரை இருந்தாலே சைவம்னு அர்த்தம் இல்ல. நுண்ணுயிர் ரெனட்னு போட்டிருக்கான்னு பார்த்து வாங்கணும். நாங்க பன்னீர் எடுத்து உதிர்த்தும் போட்டோம்.

எல்லாம் சரியா வந்த மாதிரி இருந்தது. போட்டிக்கு முந்தின வாரம் ஒத்திகையா நாலு சுட்டோம். அப்பதான் கவனிச்சோம். எங்கள்ல ஒருத்தங்க, தாள்ல ஒட்டாம இருக்கட்டும்னு பழக்கத்துல பக்கத்துல இருந்த மைதாவை ஒரு கை தூவிட்டாங்க. ஒரு கைதான். "துடைச்சுடலாமே"ன்னு ஒரு பேச்சு வந்தது. "மேல் பக்கம் படலையே"ன்னு இன்னொரு பேச்சு. கொஞ்ச நேரம் யாரும் பதில் சொல்லல. அந்த நாலையும் நாங்களே உட்கார்ந்து சாப்பிட்டோம். அப்புறம் மைதா டின், சப்பாத்திக் கட்டை, ரவை டப்பா எல்லாத்தையும் தனி அலமாரியில வெச்சுப் பூட்டினோம். சாவி மூத்த அக்காகிட்ட.

போட்டி அன்னைக்கு தம்பியோட அம்மாவை விடியக்காலையிலேயே சமையல்கட்டுக்குக் கூப்பிட்டோம். ஒவ்வொரு பாக்கெட்டையும் திருப்பிப் படிச்சாங்க. அவனோட அடியை, ட்ரேயை, கத்தியை எல்லாம் பார்த்தாங்க. ஒரு ஸ்பேட்டுலாவை மட்டும் மாத்தச் சொன்னாங்க, மாத்தினோம். அப்புறம் அவங்களே முந்தானையைச் செருகிக்கிட்டு மாவு தட்ட உட்கார்ந்துட்டாங்க.

பந்தியில தம்பி நடுவுல உட்கார்ந்தான். டப்பா கொண்டு வரல. மத்த பிள்ளைங்க, "இது கடை பீசா மாதிரி இழுக்கலையே"ன்னு குறை சொன்னாங்க. உண்மைதான், இழுக்காது. அடைக்கும் ரொட்டிக்கும் நடுவுல ஒரு ருசி, ஓரம் மொறுமொறுன்னு இருக்கும். சில பேர் பாதி வெச்சாங்க. தம்பி சாப்பிடவே இல்ல, கையில வெச்சுக்கிட்டு அவங்க அம்மா முகத்தையே பார்த்துக்கிட்டிருந்தான். அவங்க தலையாட்டின பிறகுதான் கடிச்சான். மூணு துண்டு சாப்பிட்டான். பக்கத்துப் பையன் மிச்சம் வெச்சதையும் எடுத்துக்கிட்டான். அவன் வாழ்க்கையில இன்னொரு பிள்ளையோட தட்டுல இருந்து எடுத்துச் சாப்பிட்டது அன்னைக்குத்தான் முதல் தடவைன்னு அவங்க அம்மா அப்புறமா சொன்னாங்க. திங்கள்கிழமை காலையில எங்களுக்கு அவங்ககிட்ட இருந்து வந்த செய்தி: "பள்ளிக்கூடம் போயிட்டான்."

ஒரு விஷயம் தெளிவா சொல்லிடறோம். படத்தைப் பார்த்துட்டு, "ராகி பீசான்னா சுகர் ஏறாதுல்ல?"ன்னு சில ஐயாமார்கள் கேட்டீங்க. ஏறும். கேழ்வரகுல கால்சியம் நிறைய இருக்கு, 100 கிராமுக்கு 300 மில்லிகிராமுக்கு மேல. மைதாவை விட நார்ச்சத்து அதிகம். ஆனா மாவுச்சத்து அரிசி அளவுக்குக் கிட்டத்தட்ட இருக்கு. நைஸா அரைச்சா இன்னும் வேகமா ஏறும். மரவள்ளி ஸ்டார்ச் முழுக்க மாவுச்சத்துதான். எங்க குழுவுல சுகர் இருக்கிற ஒருத்தங்க சாப்பிட்டு ரெண்டு மணி நேரம் கழிச்சு மெஷின்ல குத்திப் பார்த்தாங்க, சோறு சாப்பிட்ட நாள் மாதிரியேதான் காட்டிச்சு. நம்ம நாட்டுல இந்தியர்களுக்குத்தான் சர்க்கரை நோய் மத்த இனத்தவங்களை விட அதிகம். குளூட்டன் இல்லைங்கிறதுக்கும் சர்க்கரை இல்லைங்கிறதுக்கும் சம்பந்தம் கிடையாது. ஒரு துண்டோட நிறுத்திக்கங்க.

இன்னொன்னு. வயித்து வலின்னதும் நீங்களா கோதுமையை நிறுத்திடாதீங்க. நிறுத்திட்டுப் போனா ரத்தப் பரிசோதனையில நோய் தெரியாமலே போயிடலாம். முதல்ல டாக்டரைப் பாருங்க.

இனிமே நம்ம அன்னதானத்துல கூட்டுப் பெருங்காயம் கிடையாது. சீரகம், பூண்டு, இஞ்சியை வெச்சே ரசம் வைக்கிறோம். இதுவரைக்கும் யாரும் ருசி குறைஞ்சதா சொல்லல. கேசரி, சேமியா பாயசம் செய்யற நாள்ல அது தனிக் கரண்டி, தனி மேசை, பந்தியோட கடைசியில. உபயக்காரங்க சாமான் வாங்கித் தரும்போது பாக்கெட்டைத் திருப்பி, "காண்டும்"ங்கிற வார்த்தை இருக்கான்னு ஒரு தடவை பாருங்க. மலாய்ல கோதுமைக்கு அதுதான் பேர். அரைச்ச கேழ்வரகு வேணாம், முழுசா கொடுங்க. அரைக்கிற வேலையை நாங்க பார்த்துக்கிறோம்.

உங்க வீட்டுல யாருக்காவது எதுவும் ஆகாதுன்னா, அது கடலையோ, பாலோ, கோதுமையோ, தயவுசெஞ்சு எங்ககிட்ட வந்து சொல்லுங்க. கோயில் சாப்பாட்டைக் குறை சொல்றதா நாங்க எடுத்துக்க மாட்டோம். அந்த அம்மா ஒரு மாசம் பேசாம இருந்தாங்க. அது எங்க மேல இருந்த மரியாதையால. அந்த மரியாதை அந்தப் பிள்ளைக்கு ஒரு நல்லதும் செய்யல.

அடுத்த ஞாயிறு வகுப்பு வழக்கம்போல காலை ஒன்பது மணிக்கு. சாம்பார் சாதம், அப்பளம், சுண்டல். அப்பளப் பாக்கெட்டையும் படிச்சுட்டோம்.

அம்மன் அருளால் எல்லாரும் நல்லா இருங்க.

அன்புடன்,
அன்னதானக் குழுத் தொண்டர்கள், ஜெராம்